நாளைய நிலவை எழுதி வைத்த ஓலை

எதிர்காலத்தை எழுதி வைத்திருக்கும் ஓலை என்று தமிழ்நாட்டில் இரண்டு வகைச் சுவடிகளைச் சொல்வார்கள். ஒன்று நாடிச் சுவடி. பிறக்கப்போகும் ஒவ்வொருவரின் வாழ்க்கையையும் முனிவர்கள் முன்கூட்டியே எழுதிவிட்டார்கள் என்பது அதைப் பற்றிய நம்பிக்கை. மற்றொன்று வாக்கியச் சுவடி. நிலவும் கோள்களும் இன்ன நாளில் வானத்தில் இன்ன இடத்தில் நிற்கும் என்று கணித்துச் சொல்ல உதவும் எண்களின் தொகுப்பு அது. முதலாவது சுவடியின் ஆற்றல் கதையோடு சரி. இரண்டாவது உண்மையிலேயே வேலை செய்தது, இன்றும் செய்துகொண்டிருக்கிறது. சேலம், நாமக்கல் பக்கம் சித்திரை முதல் நாள் கோயில்களில் வாசிக்கும் பஞ்சாங்கமும், முகூர்த்தம் பார்க்க வீட்டு மாடத்தில் வைத்திருக்கும் பாம்புப் பஞ்சாங்கமும் அதன் நேர் வாரிசுகள்.

நாடிச் சுவடியைச் சோதிக்க வானியல் வேண்டியதில்லை, பெருக்கல் தெரிந்தால் போதும். உலக மக்கள்தொகை 2022இல் 800 கோடியைத் தொட்டது. ஆளுக்கு ஓர் ஓலை, ஓலையின் கனம் அரை மில்லிமீட்டர் என்று வைத்தாலும், அடுக்கினால் 4,000 கிலோமீட்டர் உயரம் வரும். காஷ்மீரிலிருந்து கன்னியாகுமரி வரையுள்ள தூரத்தைவிட அது அதிகம். செத்துப்போனவர்களும் இனிப் பிறப்பவர்களும் இந்தக் கணக்கில் சேரவில்லை. ஓலையைத் தேடும் முறையிலும் ஒரு கணக்கு ஒளிந்திருக்கிறது. அப்பா பெயர் இன்ன எழுத்தில் தொடங்குமா, கூடப்பிறந்தவர் உண்டா என்று ஒவ்வொன்றாகக் கேட்டு, ‘ஆம்’, ‘இல்லை’ என்ற பதில்களை வைத்து ஓலையைத் தள்ளிக்கொண்டே போவார்கள். சரிபாதியாகப் பிரிக்கும் கேள்விகளாக இருந்தால், 800 கோடிப் பேரில் ஒருவரைத் தனியே பிரித்தெடுக்க 33 கேள்விகளே போதும். செய்தி ஓலையிலிருந்து ஆளுக்குப் போகிறதா, ஆளிடமிருந்து ஓலைக்கு வருகிறதா என்பதை இந்த 33 சொல்லிவிடும்.

வாக்கியச் சுவடி அப்படிப்பட்டதல்ல. அதில் யாருடைய பெயரும் இல்லை, எண்கள் மட்டும்தான். அதுவும் எண்ணாக எழுதப்படாமல், கிரந்த எழுத்தில் சிறுசிறு சமஸ்கிருதத் தொடர்களாக எழுதப்பட்டிருக்கும். நிலவுக்கென்று வரருசி பெயரால் வழங்கும் தொகுப்பில் 248 தொடர்கள் உண்டு. ஒரு தொடர் ஒரு நாளுக்கு. வாக்கியம் என்ற பெயர் வந்தது இந்தத் தொடர்களால்தான்.

248 என்ற எண்ணில்தான் சுவடியின் சூட்சுமம் இருக்கிறது. நிலவு பூமியை வட்டமாகச் சுற்றவில்லை, சற்று நீண்ட பாதையில் சுற்றுகிறது. பூமிக்கு அருகே வரும்போது வேகமாகவும், தொலைவில் போகும்போது மெதுவாகவும் நகரும். ஒருமுறை மிகத் தொலைவான புள்ளிக்குப் போய்விட்டு மறுபடி அதே நிலைக்கு வர 27.5546 நாள் ஆகிறது. இது முழு எண் அல்ல என்பதுதான் பஞ்சாங்கம் கணிப்பவருக்குத் தலைவலி. ஆனால் இதை ஒன்பதால் பெருக்கினால் 247.99 வருகிறது. அதாவது 248 நாள் கழித்து நிலவின் வேக ஏற்ற இறக்கம் கிட்டத்தட்ட அச்சுப் பிசகாமல் தொடக்கத்துக்குத் திரும்பிவிடும். 248 நாள்களுக்கு நிலவின் நிலையை ஒருமுறை கணித்து எழுதி வைத்துவிட்டால் போதும். அதற்குப் பிறகு வானத்தில் நடப்பது பழைய பட்டியலின் மறுவாசிப்பு.

பட்டியலின் தொடக்கத்தைப் பார்த்தாலே இது புரியும். நிலவு மிகத் தொலைவில் இருக்கும் கணத்திலிருந்து எண்ணினால், முதல் நாள் முடிவில் அது நகர்ந்திருப்பது 12 பாகை 3 கலை. இரண்டாம் நாள் முடிவில் 24 பாகை 9 கலை. மூன்றாம் நாள் முடிவில் 36 பாகை 22 கலை. (ஒரு பாகைக்கு 60 கலை.) இரண்டாம் நாள் மட்டும் 12 பாகை 6 கலை, மூன்றாம் நாள் மட்டும் 12 பாகை 13 கலை என்று நடை கூடிக்கொண்டே போகிறது. பூமிக்கு அருகே வரும் நாள்களில் இது 14 பாகையைத் தாண்டும். பிறகு மெல்லக் குறையும். ஈர்ப்பு விசை, நீள்வட்டம் என்ற பேச்சே ஓலையில் கிடையாது. ஆனால் அவற்றின் விளைவு கலை சுத்தமாகப் பதிந்திருக்கிறது.

எண்ணை எழுத்தாக்கும் முறைக்குக் கடபயாதி என்று பெயர். க, ட, ப, ய ஆகிய நான்கும் 1 என்ற மதிப்பில் தொடங்கும். அடுத்தடுத்த மெய்கள் 2, 3 என்று ஏறும். கூட்டெழுத்தில் கடைசி மெய்க்கு மட்டுமே மதிப்பு. உயிரெழுத்து மாறினாலும் எண் மாறாது. அதனால் ஒரே எண்ணுக்குப் பொருளுள்ள பல சொற்களைக் கோக்க முடியும். வாசிப்பது வலமிருந்து இடம். 248க்குச் சுவடி தரும் சொல் ‘தேவரம்’. கிரந்தத்தில் தவரிசையின் மூன்றாம் எழுத்துக்கு 8, வகரத்துக்கு 4, ரகரத்துக்கு 2. திருப்பி வாசித்தால் 248. ஒரே ‘க’ நான்கு ஒலிக்கு நிற்கும் தமிழ் எழுத்தில் இந்தக் கணக்கு ஓடாது. கிரந்த எழுத்து தேவைப்பட்டதற்கு அதுவும் ஒரு காரணம். இப்படித் தொடராக்கியதால் இரண்டு லாபம். மனப்பாடம் செய்வது எளிது. ஏடு பெயர்த்து எழுதுபவர் ஓர் எழுத்தைத் தவறவிட்டால் சொல் பொருளிழந்து, பிழை உடனே கண்ணில் படும்.

248க்கும் துல்லியமான பெரிய சுற்றுகள் உண்டு. 3,031 நாளில் நிலவின் வேகச் சுற்று 110 முறை முடிகிறது. 12,372 நாளில் 449 முறை. சுவடி இவற்றையும் வைத்திருக்கிறது. தமிழ்நாட்டோடு நின்ற எண்களும் அல்ல இவை. 248 நாள் சுற்று பாபிலோனின் களிமண் பலகைகளிலும், 3,031 கிரேக்க வானியல் ஏடுகளிலும் இருப்பதை வரலாற்றாய்வாளர் ஓட்டோ நோய்கபாவர் 1952இல் வெளியிட்ட தமிழ் வானியல் பற்றிய கட்டுரையில் எடுத்துக்காட்டினார். யூப்ரட்டீஸ் கரையில் புழங்கிய எண் காவிரிக் கரையில் ஓலையில் ஏறிய வழி தனி ஆய்வு.

சுவடி எப்படி வேலை செய்கிறது என்பதை ஒரு நாளை வைத்துப் பார்க்கலாம். 2025 ஏப்ரல் 14, விசுவாவசு ஆண்டின் சித்திரை முதல் நாள், காலை சூரிய உதயம். முதலில் கலி தொடங்கி எத்தனை நாள் ஆயிற்று என்று எண்ண வேண்டும். கலியின் தொடக்கம் கிமு 3102 பிப்ரவரி 18. அன்றிலிருந்து 18,72,314 நாள் கழிந்திருக்கிறது. சுவடி இதிலிருந்து 16,00,984ஐ ஒரே மூச்சில் கழிக்கச் சொல்கிறது, மிச்சம் 2,71,330. இதில் 12,372 இருபத்தோரு தடவை போகும், மிச்சம் 11,518. அதில் 3,031 மூன்று தடவை, மிச்சம் 2,425. அதில் 248 ஒன்பது தடவை, மிச்சம் 193. ஆகவே எடுக்க வேண்டியது 193ஆம் வாக்கியம்.

இனிக் கூட்டல்தான். ஒவ்வொரு சுற்றின் முடிவிலும் நிலவு எங்கே நிற்கும் என்பதற்குச் சுவடியில் நிலையான எண் உண்டு. முதலில் கழித்த பெரிய தொகைக்கு 212 பாகை. 12,372 நாள் சுற்றுக்கு 297 பாகை 48 கலை. அதை 21ஆல் பெருக்க வேண்டும். 3,031 நாள் சுற்றுக்கு 337 பாகை 31 கலை, மும்மடங்கு. 248 நாள் சுற்றுக்கு 27 பாகை 44 கலை, ஒன்பது மடங்கு. எல்லாவற்றையும் கூட்டி, 360 பாகைகொண்ட முழு வட்டங்களைத் தள்ளிவிட்டால் மிஞ்சுவது ஏறத்தாழ 168 பாகை. 193ஆம் வாக்கியம் தருவது ஏறத்தாழ 23. ஆக, அன்று காலை நிலவு மேஷத்தின் தொடக்கத்திலிருந்து 191ஆம் பாகையில். ஒரு நட்சத்திரத்துக்கு 13 பாகை 20 கலை. பதினான்கு நட்சத்திரங்கள் முடிந்து பதினைந்தாவது நடக்கிறது, அது சுவாதி. ஒரு திதிக்குச் சூரியனுக்கும் நிலவுக்கும் இடையே 12 பாகை. சூரியன் அன்று மேஷத்தின் வாயிலில் இருப்பதால் 191ஐ நேரே வகுக்கலாம். பதினைந்து திதி முடிந்து பதினாறாவது, அதாவது தேய்பிறைப் பிரதமை, அதுவும் முடியும் தறுவாயில். நவீன வானியல் கணக்கும் அன்று காலை சுவாதி என்றே சொல்கிறது. பிரதமை உதயத்துக்குப் பின் இரண்டு மணி நேரம்போல நீடிக்கிறது. மிச்சம் வந்த 193 இன்னொன்றையும் காட்டிக்கொடுக்கிறது. 27.5546ஐ ஏழால் பெருக்கினால் 192.88, அதனால் நிலவு தன் மிகத் தொலைவான புள்ளியை விடிவதற்குச் சற்று முன்புதான் கடந்திருக்க வேண்டும். தொலைநோக்கி யுகத்தின் கணக்கிலும் அது அன்று விடியற்காலைதான்.

இத்தனைக்கும் தேவைப்பட்டது கழித்தல், வகுத்தல், கூட்டல், ஓர் ஓலைக்கட்டு. வானத்தை அண்ணாந்து பார்க்கவே இல்லை.

காகிதமும் தேவைப்படவில்லை. 1825இல் சென்னையில் வெளிவந்த ‘கால சங்கலித’ என்ற ஆங்கில நூலில் ஜான் வாரன் இதைப் பதிவு செய்திருக்கிறார். வாரன் சென்னை வான் ஆய்வகத்தில் பொறுப்பு வகித்தவர். புதுச்சேரியில் பஞ்சாங்கம் கணிக்கும் தமிழர் ஒருவர், எதையும் எழுதாமல், தரையில் சோழிகளைப் பரப்பி வைத்தும் எடுத்தும், வாக்கியங்களை நினைவிலிருந்து சொல்லியும், ஒரு சந்திர கிரகணத்தை அவர் கண்முன் கணித்துக் காட்டினார். அது 1825 மே 31 இரவு தொடங்கிய கிரகணம். தொடக்கம் 4 நிமிடமும், நடுப்பொழுது 23 நிமிடமும், முடிவு 52 நிமிடமும் பிசகின. இந்தப் பிசகைப் பார்த்து உதட்டைப் பிதுக்குவது எளிது. ஆனால் நிலவின் நிழல் விளையாட்டைக் கணித்துச் சொல்ல அந்த மனிதரிடம் இருந்தவை கைநிறையச் சோழியும் மனப்பாடமும் மட்டுமே.

அதற்கு அரை நூற்றாண்டுக்கு முன் பிரெஞ்சு வானியலாளர் லெ ஜென்டில் இதே புதுச்சேரியில் இதே வித்தையைக் கற்றார். 1769 ஜூனில் சூரியனை வெள்ளி கடப்பதைப் பார்க்கக் கடல் கடந்து வந்து காத்திருந்தவர் அவர். அந்நேரம் பார்த்து மேகம் மறைத்துவிட்டது. கையோடு கொண்டுபோக அவருக்குக் கிடைத்தது தமிழர் கணக்கு. 1765 ஆகஸ்ட் 30 சந்திர கிரகணம் நீடித்த நேரத்தைத் தமிழ் முறை 41 நொடி குறைவாகவும், அன்று ஐரோப்பாவின் சிறந்த அட்டவணையான டோபியாஸ் மேயருடையது 68 நொடி கூடுதலாகவும் காட்டியதாக அவர் எழுதினார். ஒரே ஒரு கிரகணத்தை வைத்துச் சுவடியே மேல் என்று முடிவுகட்ட முடியாது. 1825ஆம் ஆண்டின் கிரகணத்தையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் அளவு தெரியும்.

கிரகணத்தில் ஓரளவு சரியாக வரும் சுவடி அஷ்டமியில் ஏன் தடுமாறுகிறது என்பது இதைவிடச் சுவையான கேள்வி. நிலவின் ஓட்டத்தைக் கலைப்பது நீள்வட்டம் மட்டுமல்ல. சூரியனும் தன் பங்குக்கு இழுக்கிறது. அந்த இழுப்பால் வரும் ஆட்டங்களில் பெரியது 1 பாகை 16 கலை அளவு வரை போகும். இரண்டாம் நூற்றாண்டில் தாலமி அதைப் பிடித்தார். அடுத்ததை 16ஆம் நூற்றாண்டில் டைக்கோ பிராகி பிடித்தார். வாக்கியச் சுவடியில் இருப்பது ஒரே திருத்தம். அதன் உச்ச அளவு ஏறத்தாழ 5 பாகை. அமாவாசையிலும் பௌர்ணமியிலும் நீள்வட்டத் திருத்தமும் முதல் ஆட்டமும் ஒன்றையொன்று கழித்துக்கொண்டு மொத்தம் ஏறத்தாழ 5 பாகைதான் வரும்; அங்கே சுவடி பொருந்துகிறது. வளர்பிறை அஷ்டமியிலும் தேய்பிறை அஷ்டமியிலும் அவை ஒன்றுசேர்ந்து ஏழரைப் பாகைக்கு மேல் போய்விடும். அங்கே இரண்டரைப் பாகை வரை துண்டு விழுகிறது. நிலவு சூரியனைவிட மணிக்கு அரைப் பாகை முந்துவதால், இது நேரத்தில் ஐந்து மணி வரை ஆகும். அஷ்டமி எப்போது முடிகிறது என்பதில் வாக்கியப் பஞ்சாங்கமும், நவீன வானியல் கணக்கைப் பின்பற்றும் திருக்கணிதப் பஞ்சாங்கமும் சண்டை போடுவது இதனால்தான். கிரகணங்களைப் பார்த்துப் பார்த்துச் செதுக்கிய முறை, கிரகணம் வரவே வராத அஷ்டமியில் சோதிக்கப்படாமலே போயிற்று என்று கொள்வதே பொருத்தம். இந்தியாவிலும் 932இல் முஞ்சாலர் இரண்டாவது திருத்தம் ஒன்றைச் சொன்னார். வாக்கிய ஓலைகளில் அது ஏறவில்லை.

ஓலை சொல்லும் நேரம் சேலத்து நேரம் ஆவதற்கு இன்னொரு படி உண்டு. பழைய கணக்குகளுக்கு அடிப்படை உஜ்ஜயினி வழியாகச் செல்லும் கோடு. சேலமும் நாமக்கல்லும் அதற்குக் கிழக்கே சுமார் 2 பாகை 24 கலை. அதனால் சூரியன் இங்கே ஒன்பதரை நிமிடம் முந்தி உதிக்கும். பழைய அளவில் 24 விநாடி, ஏனெனில் அன்றைய ஒரு விநாடி இன்றைய 24 நொடி. கைக்கடிகாரம் காட்டும் இந்திய நேரமோ 82 பாகை 30 கலைக் கோட்டுக்கு உரியது. அந்தக் கணக்கில் சேலம் 17 நிமிடம் பிந்தியது. கடிகாரத்தில் 12 அடிக்கும்போது சேலம் கடைவீதியில் சூரியன் உச்சிக்கு வருவது அபூர்வம். சராசரியாக அது 12.17க்குத்தான் வரும். மே இறுதியில் இங்கே சூரியன் 5.50ஐ ஒட்டி உதிக்கிறது, ஜனவரி இறுதியில் 6.40ஐத் தாண்டி. சுவரில் தொங்கும் நாள்காட்டி மட்டும் ஆண்டு முழுவதும் ஆறு மணி உதயம் என்று வைத்துக்கொண்டு திங்கள்கிழமை ராகுகாலம் ஏழரை முதல் ஒன்பது என்று ஒரே அச்சில் போட்டுவிடுகிறது. பகலை எட்டாகப் பிரித்து இரண்டாவது பங்கை எடுக்கச் சொல்லும் மூலக் கணக்குப்படி, சேலத்தில் அது ஜனவரி இறுதியில் எட்டு மணிக்குப் பிறகே தொடங்கும். சென்னை உதயத்துக்கு அச்சிட்ட பஞ்சாங்கத்தையும் எட்டு நிமிடம் தள்ளித்தான் ஓமலூரிலோ ராசிபுரத்திலோ வைத்துப் பார்க்க வேண்டும்.

ஓலையின் ஆயுள் பற்றியும் சொல்ல வேண்டும். பனையோலையையும் தாளிப்பனையின் ஓலையையும் நரம்பு நீக்கி, வேகவைத்து, நிழலில் உலர்த்தி, வழுவழுப்பாகத் தேய்த்து எடுப்பார்கள். எழுத்தாணியால் கீறிய பின் விளக்குக் கரியும் இலைச்சாறும் சேர்த்துப் பூசித் துடைத்தால் கீறலுக்குள் மை நின்று எழுத்து தெளியும். துளையில் கயிறு கோத்து, மேலும் கீழும் சட்டம் வைத்துக் கட்டுவது வழக்கம். இவ்வளவு செய்தும் கறையானும் இராமபாணப் பூச்சியும் விடுவதில்லை. பெயர்த்து எழுதாமல் ஒரு சுவடி சில நூற்றாண்டு தாண்டுவது அரிது. உதிரத் தொடங்கிய ஏடுகளை ஆடிப்பெருக்கன்று ஆற்றில் விடும் வழக்கம் இருந்ததையும், அதில் எவ்வளவோ அழிந்ததையும் உ.வே. சாமிநாதையர் வருத்தத்தோடு எழுதியிருக்கிறார். 1880இல் கும்பகோணத்தில் முன்சீபாக இருந்த சேலம் இராமசாமி முதலியார் சீவக சிந்தாமணிப் பிரதியை அவரிடம் கொடுத்ததால்தான் அது 1887இல் அச்சேறியது. இலக்கியச் சுவடிகளைத் தேட ஆள் கிடைத்தார்கள். கணிதச் சுவடிகள் அந்த அளவுக்குத் தேடப்படவில்லை. வாக்கிய முறையின் மூல நூலான ‘வாக்கியகரணம்’ 13ஆம் நூற்றாண்டின் இறுதியை ஒட்டித் தமிழ்நாட்டில் எழுந்தது, டி.எஸ். குப்பண்ண சாஸ்திரியும் கே.வி. சர்மாவும் பதிப்பித்து அது சென்னையில் அச்சானது 1962இல்தான்.

ஓலை பழுதாவது கண்ணுக்குத் தெரியும். எண் பழுதாவது தெரியாது. வாக்கிய முறை ஆண்டின் நீளத்தை ஆரியபடரிடமிருந்து எடுத்தது: 365 நாள் 6 மணி 12 நிமிடம் 30 நொடி. சூரியன் ஒரு விண்மீனிலிருந்து கிளம்பி அதே விண்மீனுக்குத் திரும்ப உண்மையில் ஆவது 365 நாள் 6 மணி 9 நிமிடம் 10 நொடி. வித்தியாசம் 3 நிமிடம் 20 நொடி. பருவங்களை நிர்ணயிக்கும் ஆண்டோ இன்னும் குறுகியது, 365 நாள் 5 மணி 48 நிமிடம் 45 நொடி. அதோடு ஒப்பிட்டால் தமிழ் ஆண்டு ஏறத்தாழ 24 நிமிடம் நீளம். அறுபது ஆண்டுக்கு ஒரு நாள் பின்தங்கும். ஆரியபடர் நூல் எழுதிய 499இல் பகலும் இரவும் சமமாகும் நாளை ஒட்டிச் சித்திரை பிறந்தது. அது இன்றைய நாள்காட்டிக் கணக்கில் மார்ச் 20, 21. ஆயிரத்து ஐந்நூறு ஆண்டில் 25 நாள் நகர்ந்து ஏப்ரல் 14க்கு வந்துவிட்டது.

மேட்டு நிலத்தில் மழையை நம்பிக் கடலை விதைக்கும் நாமக்கல் பக்கத்து விவசாயிக்கு இது வெறும் ஏட்டுச் செய்தியல்ல. பருவமழை விண்மீனைப் பார்த்து வருவதில்லை; சூரியன் வடக்கே ஏறி இறங்குவதைப் பார்த்து வருகிறது. ஆரியபடர் காலத்தில் ஆடி பிறந்தது இன்றைய கணக்கில் ஜூன் 22ஐ ஒட்டி. இப்போது ஜூலை 17. ஆடிப்பட்டம் என்ற பெயர் அப்படியே இருக்க, அதன் அடியில் பருவம் நகர்ந்துகொண்டிருக்கிறது.

இந்தப் பிசகு பழைய கணிதர்களுக்குத் தெரியாததல்ல. 683இல் ஹரிதத்தர் கேரளத்தில் ஆரியபட எண்களுக்குத் திருத்தம் போட்டார். சங்கமகிராமத்து மாதவர் 248 வாக்கியங்களையும் இன்னும் நுட்பமாக, கலைக்கும் அறுபதில் ஒரு பங்கு வரை, புதிதாகக் கணித்தார். பரமேசுவரர் பல ஆண்டுகள் கிரகணங்களை நேரில் பார்த்து 1431இல் ‘திருக்கணிதம்’ என்ற நூலை எழுதினார். கண்ணால் பார்ப்பதோடு ஒத்துப்போகும் கணிதம் என்று பெயரிலேயே சொல்லிவிட்டார். ஆக, சுவடி மாறாதது என்ற எண்ணம் அதை எழுதியவர்களுடையதல்ல, பின்னால் வந்தவர்களுடையது. தமிழ்நாட்டில் இந்தத் திருத்தும் வேலையை மறுபடி எடுத்தவர் சென்னை வான் ஆய்வகத்தில் பணிபுரிந்த சிந்தாமணி ரகுநாதாசாரி. ஒளி மாறும் விண்மீன் ஒன்றை 1867இல் கண்டுபிடித்த அவர், நவீன அட்டவணைகளைக் கொண்டு திருக்கணிதப் பஞ்சாங்கம் வெளியிட்டார். 1874இல் வெள்ளி சூரியனைக் கடந்ததைப் பற்றித் தமிழ் உட்படப் பல மொழிகளில் சிறுநூல் வரச்செய்தார். அவரைப் பலர் கொண்டாடினார்கள். பஞ்சாங்கத்தை மாற்றிக்கொள்ளக் கோயில்கள் முன்வரவில்லை.

விடுதலைக்குப் பின் மேகநாத சாகா தலைமையில் 1952இல் அமைந்த நாள்காட்டிச் சீர்திருத்தக் குழு நாடெங்கும் வழங்கிய பஞ்சாங்கங்களைத் திரட்டிப் பார்த்தது. 1957 மார்ச் 22இல் தேசிய நாள்காட்டி நடைமுறைக்கு வந்தது. இன்று கொல்கத்தாவிலுள்ள நிலை வானியல் மையம் நவீன முறையில் கணித்த ‘ராஷ்டிரிய பஞ்சாங்க’த்தை ஆண்டுதோறும் தமிழ் உட்படப் பல மொழிகளில் வெளியிடுகிறது. அரசு அலுவலகங்களுக்கு வெளியே அதைப் புரட்டியவர்கள் குறைவு.

நிலவில் மணிக்கணக்கில் நிற்கும் வித்தியாசம் கோள்களில் மாதக்கணக்காகிவிடும். சனி சூரியனைச் சுற்ற இருபத்தொன்பதரை ஆண்டு எடுக்கிறது. சராசரியாக ஒரு நாளைக்கு 2 கலைதான் நகரும். இவ்வளவு மெதுவான கோளுக்குச் சுற்றுக் காலத்தில் நேரும் சிறு பிழை நூற்றாண்டுகளில் சேர்ந்து, ராசி மாறும் நாளைப் பெரிதாகத் தள்ளிவிடும். சனி கும்பத்துக்குப் பெயர்ந்தது திருக்கணிதப்படி 2023 ஜனவரி 17. வாக்கியப்படி 2023 டிசம்பர் 20. திருநள்ளாறு கோயில் வழக்கம்போல் டிசம்பரில்தான் சனிப்பெயர்ச்சி விழா எடுத்தது. அந்த டிசம்பரில் பொழுது சாய்ந்ததும் மேற்கே சனி வெறும் கண்ணுக்கே தெரிந்தது. திருக்கணிதம் வைத்துள்ள கும்பத்தின் எல்லையை அது ஏறத்தாழ 8 பாகை தாண்டியிருந்தது. நிலவின் வட்டு அரைப் பாகை என்பதால், பதினாறு நிலவுகளை வரிசையாக வைக்கும் தூரம். அடுத்த பெயர்ச்சியும் அப்படியே. மீனத்துக்குள் நுழைந்த நாள் திருக்கணிதத்தில் 2025 மார்ச் 29, வாக்கியத்தில் 2026 மார்ச் 6.